பென்சில் தறிகள்

"தறிச் சத்தம் ஒரு டேப்பில, ராகம் இன்னொரு டேப்பில. தனித்தனியா எடுத்துடலாம், ஐவி. சௌகரியமா இருக்கும்," என்றார் தயாரிப்பாளர் பியர்ஸ்.

"யாருக்குச் சௌகரியம்?"

"எல்லாருக்கும்தான். உங்களுக்கும்தான்."

தேநீர் இடைவேளை முடிய இன்னும் ஐந்து நிமிடம் இருந்தது. ஐவி கார்சைட் பிஸ்கட்டைத் தேநீரில் முக்கி, அது உடைந்து உள்ளே விழுவதற்குள் வாயில் போட்டுக்கொண்டாள். யோசிப்பதற்கு அவளுக்கு அவ்வளவு நேரம் போதும். யோசித்ததில் தப்பாக எதுவும் தோன்றவில்லை.

"சரி கண்ணு. அப்படியே செய்யலாம்."

வட இங்கிலாந்தில் நெசவாலை ஊரான பர்ன்லிக்காரி. பாட்டுக்காரன், பால்காரன், பிரபு வீட்டுப் பிள்ளை, எல்லாருமே அவளுக்குக் கண்ணுதான். பியர்ஸுக்கு அது பிடிக்காது. ஆனால் அவர் படித்த பள்ளிக்கூடத்தில், பிடிக்காததற்கெல்லாம் புன்னகைக்கத்தான் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். புன்னகைத்துவிட்டு மாடிப்படி ஏறினார்.

வட லண்டனில் அது ஒரு காலத்தில் தேவாலயமாக இருந்த கட்டடம். இப்போது ஒலிப்பதிவுக் கூடம். பிரசங்கம் நடந்த உயரத்தில் கண்ணாடி போட்ட அறை ஒன்று. அங்கே உட்கார்ந்துதான் ஒலிப்பொறியாளர் ரெஜ் டேப்பை ஓட்டுவார். கீழே இசைக்குழு. அறையில் இருப்பவர்கள் பொத்தானை அழுத்தினால்தான் அவர்கள் குரல் கீழே கேட்கும். பொத்தானை விட்டுவிட்டால், மீன் தொட்டிக்குள் வாய் அசைகிற மாதிரி இருக்கும்.

ஐவிக்கு அப்போது ஐம்பத்தேழு வயது. முப்பது வருஷமாக இசை எழுதிப் பிழைக்கிறாள். குழம்புப் பொடி விளம்பரத்துக்கு எட்டு வினாடி, பள்ளிக்கூட நிகழ்ச்சியில் தவளை முட்டை பொரிக்கிற இடத்துக்கு ஒரு நிமிடம், போலீஸ் தொடர் ஒன்றுக்குத் தொடக்க ராகம். அந்தப் போலீஸ் ராகத்தைச் சீழ்க்கை அடிக்காத ஆள் ஊரில் கிடையாது. அது யார் எழுதினது என்று கேட்டால் சொல்கிற ஆளும் கிடையாது. சொந்தப் பெயரில் எழுதின திரைப்படங்கள் நான்கு. அதில் இரண்டில், கடைசி ஒலிக்கலவையில் அவளுடைய இசையை எடுத்தெறிந்துவிட்டு வேறெதையோ போட்டுவிட்டார்கள். அவளிடம் ஒருவரும் சொல்லவில்லை. முதல் தடவை அவளுக்கே தெரிந்தது திரையரங்கில்தான், பக்கத்தில் அம்மாவை உட்காரவைத்துக்கொண்டு.

"உன்னது எப்ப வரும்?" என்று அம்மா கேட்டுக்கொண்டே இருந்தாள்.

"வரும்மா. கடைசியில வரும்."

விளக்குப் போட்டார்கள். அம்மா கோட்டை மாட்டிக்கொண்டே, "சத்தம் கம்மியா இருந்திச்சோ என்னமோ, எனக்குத்தான் காது மந்தம்," என்றாள். அன்று மனதில் ஒன்று முடிச்சுப் போட்டுக்கொண்டாள்: மூன்றாம் தடவை இது நடக்காது.

இந்தப் படம் தொலைக்காட்சிக்கு. அடுத்த புதன்கிழமை ஒளிபரப்பு, நாளைக்கே ஒலிக்கலவை. இயக்குகிறவள் மோரக் என்கிற ஸ்காட்லாந்துப் பெண், முப்பது வயதுகூட ஆகவில்லை. கதை, நெசவாலைப் பெண்கள் வேலையை நிறுத்தின கதை. கடைசிக் காட்சிக்காக மோரக் ஐவியின் சமையலறைக்கே வந்து உட்கார்ந்துவிட்டாள்.

"இருபத்து நாலு தறி ஓடுது. ஒருத்தர் பேசறது ஒருத்தருக்குக் கேக்காது. மேஸ்திரி நடுவில நடந்துகிட்டே இருக்கான். மார்த்தா வாயை மட்டும் அசைச்சு, 'நிறுத்துங்க'ன்னு எதிர்த் தறிக்காரிக்குச் சொல்றா. அவ அடுத்தவளுக்கு. ஒவ்வொரு தறியா நிக்குது. கடைசியில ஒண்ணுமே ஓடல. இதுக்கு எப்படி இசை வைக்கிறது, ஐவி? எனக்குக் காதால கேக்குற பாட்டு வேணாம். உதட்டைப் பாத்துக் கேக்குற பாட்டு வேணும்."

"சரியான வீட்டுக்குத்தான் வந்திருக்கே," என்றாள் ஐவி. "பதினாலு வயசிலேர்ந்து பதினேழு வரைக்கும் நான் அந்தக் கூடத்தில நின்னவ. எங்கம்மா அதிலேயே காது போனவ. நாங்க அந்தப் பேச்சுக்கு மீமான்னு பேரு வச்சிருந்தோம். வாயை அகலமாத் திறந்து, சத்தமே இல்லாம. ஊர் வம்பெல்லாம் அதிலதான். மேஸ்திரியப் பத்தி மேஸ்திரி மூக்குக்கு நேராவே பேசுவோம்."

படப்பிடிப்பு நடந்த ஆலையில் நிஜமாக ஓடினவை நாலே தறிகள். மிச்சத்தைக் கையால் ஆட்டித்தான் படம் பிடித்திருந்தார்கள். ஆகையால் தறிச் சத்தத்தையும் ஐவியே இசைக்குழுவை வைத்து உண்டாக்கித் தருவதாக ஏற்பாடு. இருபத்து நாலு தறி, இருபத்து நாலு தந்தி வாத்தியம். வில்லைத் திருப்பி அதன் கட்டையால் தந்தியை அடிக்க வேண்டும்.

"என் வில்லு என் பொண்டாட்டியவிட வயசானது, ஐவி," என்றான் முதல் வயலின் லெஸ்லி. இருபது வருஷமாக அவளுக்கு வாசிக்கிறவன். "அதால விறகு பிளக்கச் சொல்றியா?"

"பொண்டாட்டி கேட்டா சந்தோஷப்படுவா. பென்சிலால அடி."

அவரவர் இசைத்தாள் தாங்கியில் ஆளுக்கொரு பென்சில் எப்போதும் இருக்கும். இடைவேளை முடிந்ததும் இருபத்து நாலு பேரும் பென்சிலை எடுத்தார்கள். ஐவி குழுவை நடத்துகிற கோலை உயர்த்தினாள். ஒத்திகைதான். டேப் ஓடவில்லை.

முதல் இரண்டு அடியிலேயே அவளுக்குத் தோள் சிலிர்த்தது. தடக் தடக் என்று, ஒன்றோடொன்று சேராமல், சேராமலே ஒரு சேர்க்கையாக, கூடம் முழுக்கத் தறிகள். இந்த இரைச்சலுக்குள் நின்று வளர்ந்தவளுக்குக் கண் தானாக எங்கே போகும்? வாய்க்குத்தான் போகும். யார் வாய் அசைகிறது என்று தேடும். அன்று அசைந்த ஒரே வாய் கண்ணாடிக்குப் பின்னால் இருந்தது.

பியர்ஸ் கண்ணாடி ஓரமாகச் சாய்ந்து நின்று மோரக்கிடம் பேசிக்கொண்டிருந்தார். நல்ல பள்ளிக்கூடத்து உச்சரிப்பு. ஒவ்வொரு எழுத்துக்கும் உதடு தனித்தனியாக மரியாதை செய்தது. படிப்பதற்கு அவ்வளவு லேசு.

"தறிச் சத்தம் பிரமாதம். அதை வச்சுக்கலாம். கிளாரினெட் வேணாம். கிழவி ஆசைக்கு வாசிச்சுட்டுப் போகட்டும், நாளைக்குக் கலவையில அதை எடுத்துட்டு, பெரிய இசைமேதை சர் கத்பர்ட்டோட அந்தப் பழைய இசைத்தட்டைப் போட்டுடலாம். ஜனங்க அழணும், மோரக்."

மோரக் பக்கவாட்டில் நின்றாள். பாதி உதடுதான் தெரிந்தது. பாதி போதும்.

"அவங்ககிட்டச் சொல்ல வேணாமா?"

"எதுக்கு? டீவியில பாத்துக்குவாங்க. பூ அனுப்பி வச்சுடலாம்."

ஐவியின் கோல் தாளம் தப்பவில்லை. தறிக்காரியின் கைக்கு அது பழக்கம். கண் எங்கே இருந்தாலும் கை தறியில் இருக்கும். அந்த இசைப்பகுதி முடிகிற வரைக்கும் நடத்திவிட்டுக் கோலை இறக்கினாள். கூடம் அமைதியானது. சௌகரியம் என்று எதைச் சொன்னார் என்று இப்போது புரிந்தது. தனித்தனி டேப்பில் இருந்தால் ஒன்றைத் தூக்கி எறிந்துவிட்டு இன்னொன்றை வைத்துக்கொள்ளலாம்.

சுவர்க் கடிகாரத்தில் பன்னிரண்டு முப்பத்தைந்து. ஒரு மணிக்கு இசைக்குழுவின் நேரம் முடியும். அதற்கு மேல் ஒரு நிமிடம் வேண்டுமானாலும் குழு சம்மதித்தால்தான்.

"லெஸ்லி, நீங்க எல்லாரும் கேளுங்க," என்றாள் ஐவி. "எழுதினதைக் கொஞ்சம் மாத்தறேன். தாள்ல இருக்காது, காதிலதான் இருக்கும். டிலிஸ், நீ அந்த எட்டு சுரத்தை ஒரு தடவை வாசி கண்ணு."

கிளாரினெட் வாசிக்கிற டிலிஸ் வாசித்தாள். மார்த்தாவின் உதடு அசைகிற அளவுக்கே அளந்து எழுதின எட்டு சுரம்.

"இதான் மார்த்தா. இப்ப, கடைசி வரிசையிலேர்ந்து ஆரம்பிச்சு, யாரு தறி நிக்குதோ அவங்க பென்சிலைக் கீழ வச்சுட்டு வில்லை எடுங்க. டிலிஸ் வாசிச்சதைத் திருப்பி வாசிங்க. மெதுவா. பக்கத்துக்காரிக்குச் சொல்ற மாதிரி. பக்கத்துத் தறி நின்னா அவ சேந்துக்குவா. நான் இடது கையால காட்டறேன். இருபத்து நாலும் நின்னப்புறம் எல்லாரும் ஒரே ஒரு தடவை. அப்புறம் சட்டுன்னு நிறுத்தம்."

"அப்ப தறியும் நாங்கதான், ராகமும் நாங்கதான்," என்றான் லெஸ்லி.

"ஒரே கை."

"பிரிக்க முடியாதே, ஐவி."

"முடியாதுல்ல?" என்றாள் ஐவி.

மேலே பொத்தான் அழுந்துகிற சத்தம். "ஐவி, ஒரு சின்ன விஷயம். முதல்ல தறி மட்டும்னு பேசியிருந்தோமே?"

"பேசியிருந்தோம். அப்புறம் நீங்க தனியாப் பேசினீங்க."

"புரியல."

"தறிச் சத்தம் பிரமாதம்னீங்க. நன்றி. கிழவி ஆசைக்கு வாசிச்சுட்டுப் போகட்டும்னீங்க. நாளைக்குக் கிளாரினெட்டை எடுத்துட்டு சர் கத்பர்ட்டோட தட்டைப் போடலாம்னீங்க. பூ அனுப்பறதாவும் சொன்னீங்க. என்ன பூன்னு மட்டும் எனக்குப் பிடிபடல. லில்லியா? லில்லி சாவுக்கில்ல அனுப்புவாங்க, கண்ணு."

மேலே பியர்ஸ் பொத்தானைக் குனிந்து பார்த்தார். அது இத்தனை நேரம் திறந்திருந்ததோ என்று அவருக்குச் சந்தேகம்.

"மூடித்தான் இருந்தது, சார்," என்றார் ரெஜ். "நானே மூடினேன்."

"அப்ப எப்படி..."

"நாலு மாசமா என்னை வச்சுத்தானே இந்தப் படத்துக்கு இசை செஞ்சீங்க," என்றாள் ஐவி. "பொம்பளைங்க உதட்டப் பாத்தே பேசிக்குவாங்கன்னு கதை எடுத்திருக்கீங்க. அது நிஜம்னு ஒரு நிமிஷங்கூட நம்பலியா?"

லெஸ்லி பென்சிலால் தன் தாங்கியைத் தட்டினான். பக்கத்தில் இருந்தவள் தட்டினாள். பிறகு எல்லாரும் தட்டினார்கள். வாத்தியக்காரர்கள் கை தட்டுவதில்லை. கையில் ஏதாவது இருக்கும், அதனால் அவர்கள் வழக்கம் அதுதான்.

பியர்ஸின் குரலில் இருந்த மெருகு போய்விட்டது. "இதோ பாருங்க. சர் கத்பர்ட்டோட இசை உலகமே கொண்டாடினது."

"நல்ல இசைதான். நானே அழுதிருக்கேன். ஆனா அவரோட வயலின் வந்ததும் யாரும் மார்த்தா வாயைப் பாக்க மாட்டாங்க. கைக்குட்டையைத் தேடுவாங்க. அங்க அந்தப் பொம்பளைங்க அழல, கண்ணு. தறியை நிறுத்தறாங்க."

"இது என் படம், ஐவி. தறி தனியா வேணும்னா தனியாத்தான் வேணும். இல்லேன்னா ஒலி நூலகத்தில நூறு தறி கிடைக்கும். உங்க பென்சிலே தேவையில்ல."

இது வாய்ப்பேச்சு இல்லை, செய்யக்கூடியதுதான் என்று ஐவிக்குத் தெரியும். முப்பது வருஷத்தில் இந்த இடத்தில்தான் அவள் எப்போதும் சரி கண்ணு என்று சொல்லி வந்திருக்கிறாள். கோலை மறு கைக்கு மாற்றி, உள்ளங்கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டாள்.

"நூலகத்துத் தறி ஓடும்," என்றாள். "உங்க படத்தோட சேந்து ஒண்ணொண்ணா நிக்குமா? இருபத்து நாலு தறி, இருபத்து நாலு தடவை படம் வெட்டியிருக்கீங்க. ஒண்ணு நிக்கையில அதோட சத்தம் மட்டும் போகணும். நூலகத் தட்டில எல்லாத் தறியும் ஒரே மொத்தமா இரையும். நாளைக்கு ஒரு நாள்ல எப்படிப் பிரிப்பீங்க?"

பியர்ஸ் ரெஜ்ஜிடம் திரும்பினார். இந்தத் தடவை கையால் வாயை மறைத்துக்கொண்டார்.

"பழகிட்டாரு," என்றாள் ஐவி. வயலா வாசிக்கிறவர்கள் பக்கம் சிரிப்பு வெடித்தது.

வாய் மறைந்தாலும் விஷயம் மறையவில்லை. ரெஜ் தலையசைத்துவிட்டு டேப் இயந்திரத்திலிருந்து கையை எடுத்துவிட்டார். ஓட்டாதே என்று சொல்லியிருக்கிறார். கடிகாரத்தில் பன்னிரண்டு நாற்பத்தேழு.

"லெஸ்லி, ஒரு மணிக்கு மேல இருப்பீங்களா?"

லெஸ்லி எழுந்து திரும்பிக் குழுவைப் பார்த்தான். "நாங்க இருப்போம். ஆனா அந்தச் சிவப்பு விளக்கு எரியாம நாங்க எத்தனை நேரம் வாசிச்சாலும் அது காத்தோட போச்சு."

அது சத்தியம். குழு சம்மதிக்கலாம், கோல் சம்மதிக்கலாம். டேப் ஓடாவிட்டால் ஒன்றுமில்லை. ஐவி மேலே பார்த்தாள். பியர்ஸை இல்லை, மோரக்கை. அந்தப் பெண் கண்ணாடியை விட்டு விலகி, சுவரோடு சுவராக நின்றிருந்தாள். அவளுடைய முதல் படம். அடுத்த படம் பியர்ஸின் சட்டைப்பையில் இருக்கிறது. அவளை எதுவும் கேட்க ஐவிக்கு மனம் வரவில்லை. ஆனாலும் கேட்டாள். சத்தமில்லாமல், வாயை அகலமாகத் திறந்து, பர்ன்லித் தறிக்கூடத்தில் எதிர்வரிசைக்குச் சொல்கிற மாதிரி கேட்டாள்.

"உனக்கு எது வேணும்?"

ஆலையில் நடிகைகளுக்கு இந்தப் பேச்சைச் சொல்லிக்கொடுக்கையில் கூடவே நின்று கற்றுக்கொண்டவள் மோரக். புரிந்துவிட்டது. முகம் சிவந்தது. சுவரை விட்டு வந்தாள், பியர்ஸைத் தாண்டிக் கை நீட்டிப் பொத்தானை அழுத்தினாள்.

"ரெஜ், ஓட்டுங்க."

"மோரக், நீ கொஞ்சம் யோசி," என்று பியர்ஸ் சொன்னது, பொத்தான் அழுந்தியிருந்ததால் கீழே எல்லாருக்கும் கேட்டது.

"நாலு மாசமா யோசிச்சுட்டேன். படம் யாருதுன்னு அப்புறம் சண்டை போடலாம். இந்த சீனை எடுத்தது நான். ரெஜ், ஓட்டுங்கன்னேன்."

ரெஜ்ஜுக்கு அறுபதாகப் போகிறது. ஒரு பக்கம் தயாரிப்பாளர், ஒரு பக்கம் இயக்குநர். இந்த மாதிரி நேரத்தில் யார் பேச்சைக் கேட்க வேண்டும் என்று எந்த விதிப் புத்தகத்திலும் இல்லை. அவர் மூக்கைச் சொறிந்தார்.

"தலைவரே," என்று ஐவியைக் கூப்பிட்டார். "ஒரு தடவைதான். டேப்பு அவ்வளவுதான் மிச்சம்."

டேப் நிறைய மிச்சம் இருந்தது, அது ஐவிக்கும் தெரியும். இரண்டாம் தடவைக்குள் மேலே யாராவது மனம் மாறிவிடுவார்கள் என்பதைத்தான் அவர் அப்படிச் சொன்னார்.

சிவப்பு விளக்கு எரிந்தது. திரையில் படம் ஓடியது. இருபத்து நாலு பென்சில்கள் இறங்கின.

எழுதாத ஒன்றை இருபத்தைந்து பேர் ஒரே தடவையில் வாசிப்பது, கண்ணைக் கட்டிக்கொண்டு தெருவைக் கடக்கிற மாதிரி. மார்த்தா வாய் திறந்தாள். டிலிஸ் எட்டு சுரம் வாசித்தாள். ஐவியின் இடது கை ஒரு விரல் காட்டியது. கடைசி வரிசையில் ஒரு தறி நின்றது. ஒரு வயலா அதையே முணுமுணுத்தது. மூன்றாவது தறியில் ஒரு பென்சில் முறிந்து பறந்தது. நிற்க வேண்டியதற்கு ஒரு மூச்சு முன்னதாகவே அந்தத் தறி நின்றுவிட்டது. அந்த வயலின்காரி திகைக்காமல் வில்லை எடுத்துச் சேர்ந்துகொண்டாள். திரையில் அந்தப் பெண் மேஸ்திரியைத் திரும்பிப் பார்த்தாள். முன்னதாக நின்றது பயத்தினால் என்று ஆகிவிட்டது. எழுதியிருந்தால்கூட அவ்வளவு பொருந்தியிருக்காது.

பத்து, பதினைந்து, இருபது. தறிகள் குறையக் குறைய ராகம் ஏறவில்லை, அகன்றது. கடைசித் தறி லெஸ்லியுடையது. அவன் பென்சிலைக் காதில் செருகினான். இருபத்து நாலு பேரும் டிலிஸும் ஒரே ஒரு தடவை அந்த எட்டு சுரத்தைச் சொன்னார்கள். ஐவி கையை மூடினாள்.

ஒன்றுமில்லை. மேஸ்திரியின் பூட்ஸ் சத்தம் மட்டும் நாளைக்குக் கலவையில் அங்கே வரும்.

விளக்கு அணைந்தது. பியர்ஸ் மேலங்கியை எடுத்துக்கொண்டு படியிறங்கி வந்தார். ஐவியின் மேடைக்குப் பக்கத்தில் நின்றார். புன்னகை இல்லை, அவளுக்கு அவரை முதல் தடவையாகக் கொஞ்சம் பிடித்தது.

"இனிமே எங்க நிறுவனத்தில உங்களுக்கு வேலை இல்ல, ஐவி."

"இருந்தப்பவும் பாதி வேலையைக் குப்பையிலதானே போட்டீங்க. வித்தியாசம் எனக்குத் தெரியாது."

"நாளைக்கு அதை நான் எடுத்துடுவேன்."

"எடுங்க. தறியும் கூடவே போகும். இழுத்துப் பாருங்க, கண்ணு. நெசவுன்னா என்னன்னு தெரிஞ்சுக்கலாம்."

மறுநாள் மாலை நாலரை மணிக்கு ஐவி வீட்டில் தொலைபேசி அடித்தது. அவள் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தாள். ஈரக் கையோடு எடுத்தாள்.

"நான்தான், மோரக்."

"சொல்லு."

"காலையில நூலகத் தறியைப் போட்டுப் பாத்தாரு. லாரி ஓடற மாதிரி இருந்தது. மத்தியானம் உங்களோடதைச் சன்னமா வச்சுட்டு மேல சர் கத்பர்ட்டைப் போட்டுப் பாத்தாரு. ரெண்டு ராகமும் ஒண்ணை ஒண்ணு கடிச்சுது. அப்புறம் எழுந்து வெளியில போயி ரெண்டு சிகரெட் பிடிச்சாரு."

"அப்புறம்?"

"திரும்பி வந்து, 'இருக்கட்டும்'னாரு."

"நல்லா இருக்குன்னாரா?"

"இல்ல."

"நல்லது. அவரு நல்லா இருக்குன்னிருந்தா, எங்கயோ தப்புப் பண்ணிட்டோம்னு நினைச்சிருப்பேன். உன் அடுத்த படம்?"

"போச்சுன்னுதான் நினைக்கிறேன். பரவாயில்ல."

"பரவாயில்லன்னு சொல்லாத. பரவாயிருக்கு. கோபப்படு, நல்லா வேலை ஓடும். எங்க போனாலும் என்னைக் கூப்பிடு. இன்னொண்ணு. கடைசியில என் பேரு எத்தனை வினாடி நிக்குது?"

"மூணு."

ஐவி உருளைக்கிழங்கைப் பார்த்தாள். பாதி தோல் தொங்கிக்கொண்டிருந்தது.

"நாலாக்கு," என்றாள்.